விருந்துக்கு எவ்வளவு மது வாங்க வேண்டும்? முதன்முறை பொறுப்பேற்பவர்களுக்கு ஒரு கணக்கு

விருந்தில் மது ஏற்பாட்டை உங்கள் தலையில் கட்டிவிட்டார்களா? அப்படியானால் இதற்குள் நாலு பேரிடம் விசாரித்திருப்பீர்கள். நாலு பேரும் நாலு கணக்குச் சொல்லியிருப்பார்கள். எனக்கும் அப்படித்தான் நடந்தது. ஒருவர் சொன்ன அளவுக்கும் அடுத்தவர் சொன்ன அளவுக்கும் இரண்டு மடங்கு வித்தியாசம். எந்த அடிப்படையில் சொல்கிறீர்கள் என்று கேட்டால், 'எப்போதும் இப்படித்தான் வாங்குவோம்' என்பதுதான் பதில். நானே உட்கார்ந்து போட்டுப் பார்த்த கணக்கைக் கீழே தருகிறேன். ஒரு தாளும் பேனாவும் போதும்.

கணக்கு முழுவதற்கும் ஒரே உதாரணத்தை வைத்துக்கொள்வோம்: 60 பேருக்கு அழைப்பு, 4 மணி நேர மாலை விருந்து. உங்கள் எண்களை அந்த இடத்தில் போட்டுக்கொள்ளுங்கள்.

1. அனுமதியும் காகிதங்களும்

வாங்கும் அளவைப் பற்றி யோசிப்பதற்கு முன்பே இதை முடித்துவிடுங்கள். சட்டம் நாட்டுக்கு நாடு, சில இடங்களில் மாநிலத்துக்கு மாநிலம் மாறுகிறது. மதுவே தடைசெய்யப்பட்ட இடங்களும் உண்டு. நீங்கள் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியவை நான்கு.

முதலாவது, தனிநபர் ஒரே நேரத்தில் எவ்வளவு மது வாங்கி வைத்திருக்கலாம் என்ற உச்சவரம்பு. விருந்துக்கான அளவு அந்த வரம்பைச் சுலபமாகத் தாண்டிவிடும். அப்படி வரம்புள்ள இடங்களில் ஒருநாள் அனுமதி வாங்க வேண்டியிருக்கும். அதற்கு விண்ணப்பமும் கட்டணமும் அடையாளச் சான்றும் கேட்பார்கள். இரண்டாவது, விருந்து நடக்கும் இடத்தின் விதி. மண்டபமோ ஓட்டலோ என்றால் வெளியிலிருந்து மது கொண்டுவர அனுமதி உண்டா, ஒவ்வொரு பாட்டிலுக்கும் திறப்புக் கட்டணம் வாங்குவார்களா, எத்தனை மணிக்குப் பரிமாறுவதை நிறுத்த வேண்டும் என்பதை எழுத்தில் வாங்குங்கள். வாய்வார்த்தையை நம்பி வண்டியில் ஏற்றிக்கொண்டு போனபின் வாசலில் மறித்தால் பேச இடமிருக்காது. மூன்றாவது, வயது வரம்பு: பெரும்பாலான நாடுகளில் 18, ஜப்பானில் 20, அமெரிக்காவில் 21. வாங்கப் போகும்போது அடையாள அட்டை கையில் இருக்கட்டும். நான்காவது, கடை மூடும் நாட்கள். தேர்தல், அரசு விடுமுறை என்று சில நாட்களில் மதுக்கடைகள் மூடியிருக்கும் நாடுகள் பல. விருந்துக்கு முந்தைய நாள் அப்படியொரு நாளாக அமைந்துவிட்டால் சிக்கல்தான்.

2. எத்தனை பேர் குடிப்பார்கள்?

தவறு பெரும்பாலும் இங்கேதான் தொடங்குகிறது. அழைத்த எண்ணிக்கையை அப்படியே பெருக்கிவிடுகிறார்கள். அழைத்தவர்கள் எல்லோரும் வரமாட்டார்கள். வருபவர்கள் எல்லோரும் குடிக்கமாட்டார்கள். அதனால் பட்டியலை எடுத்து ஒவ்வொரு பெயராகப் பாருங்கள். 'வருவார், குடிப்பார்', 'வருவார், குடிக்கமாட்டார்', 'தெரியாது' என்று மூன்று பத்திகள் போதும். தெரியாதவர்களில் பாதியைக் குடிப்பவர் கணக்கில் சேருங்கள்.

குழந்தைகள், கர்ப்பிணிகள், மருந்து சாப்பிடுபவர்கள், விரதம் இருப்பவர்கள், குடியை விட்டவர்கள், வண்டி ஓட்டப்போகிறவர்கள் எல்லோரும் இரண்டாவது பத்தி. இந்தப் பத்தி நீங்கள் நினைப்பதைவிடப் பெரிதாக இருக்கும். நம் உதாரணத்தில் 60 பேரை அழைத்தோம். 50 பேர் வருகிறார்கள், அவர்களில் 35 பேர் குடிப்பார்கள் என்று வைத்துக்கொள்வோம்.

3. எத்தனை மணி நேரம்?

ஏற்பாட்டாளர்கள் பரவலாகப் பயன்படுத்தும் கணக்கு ஒன்று உண்டு. குடிப்பவருக்கு முதல் மணி நேரத்தில் 2 கிளாஸ், பிறகு மணிக்கு 1 கிளாஸ். வந்த வேகத்தில் கொஞ்சம் அதிகம் போகும், சாப்பாடும் பேச்சும் சூடுபிடித்ததும் வேகம் தானாகக் குறைந்துவிடும் என்பதுதான் இதன் அடிப்படை.

நான்கு மணி நேரத்துக்கு ஆளுக்கு 5 கிளாஸ். 35 பேருக்கு 175 கிளாஸ்.

இதை உச்ச அளவாக மட்டுமே எடுத்துக்கொள்ளுங்கள். இதற்குமேல் 'எதற்கும் இருக்கட்டும்' என்று இன்னும் ஒரு பங்கு சேர்க்க வேண்டாம். அந்தப் பங்கு ஏற்கெனவே இதற்குள் இருக்கிறது. பகல் விருந்து, மறுநாள் வேலைநாள், முதியவர்கள் அதிகம், முழுச் சாப்பாடு உண்டு என்றால் கால்பங்கைக் குறைக்கலாம். 130 கிளாஸே தாராளம். இளைஞர்கள் அதிகமாக வரும் இரவு விருந்து என்றாலும் 175-ஐத் தாண்ட வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. வாங்கி வைத்த மது மேசையில் இருந்தால் அது குடிக்கப்படும். எவ்வளவு வாங்குகிறோம் என்பதே விருந்தினர் எவ்வளவு குடிப்பார்கள் என்பதைப் பாதி தீர்மானித்துவிடுகிறது. அந்தப் பொறுப்பு நம்முடையது.

4. ஒரு பாட்டிலுக்கு எத்தனை கிளாஸ்?

ஒரு கிளாஸ் என்று நான் சொல்வது சுமார் 18 மி.லி. தூய ஆல்கஹால். 40 சதவீத விஸ்கியில் 45 மி.லி., 12 சதவீத ஒயினில் 150 மி.லி., 5 சதவீத பீரில் 360 மி.லி. மூன்றிலும் உள்ளே இருப்பது இதே 18 மி.லி. தான். 330 மி.லி. பீர் பாட்டிலை ஒரு கிளாஸாகவே எண்ணிக்கொள்ளலாம்.

இந்த அடிப்படையில்:

- 750 மி.லி. ஒயின் பாட்டில்: 5 கிளாஸ்.
- 750 மி.லி. ஷாம்பெயின் வகை: 125 மி.லி. வீதம் 6 கிளாஸ்.
- 750 மி.லி. விஸ்கி, பிராந்தி, ரம், ஜின், வோட்கா: 45 மி.லி. வீதம் 16 கிளாஸ். 700 மி.லி. பாட்டில் என்றால் 15.
- 650 மி.லி. சாதாரண பீர்: ஏறக்குறைய 2 கிளாஸ்.
- 50 லிட்டர் பீர் பீப்பாய்: காகிதத்தில் 150 கிளாஸ். நுரையில் போவதைக் கழித்தால் 135-ஐ ஒட்டி நம்பலாம்.

இங்கே இரண்டு பொறிகள். ஒன்று, 'ஸ்ட்ராங்' பீர். 8 சதவீதம் என்று அச்சிட்ட 650 மி.லி. பாட்டிலில் 52 மி.லி. ஆல்கஹால் இருக்கிறது, அதாவது மூன்று கிளாஸ். 'ஒரே ஒரு பீர்தானே' என்று குடிப்பவர் 45 மி.லி. வீதம் மூன்று பெக் விஸ்கிக்குச் சமமாகக் குடித்திருப்பார். லேபிளில் உள்ள சதவீதத்தைப் படிக்காமல் பெட்டிக்கணக்கில் வாங்காதீர்கள்.

மற்றொன்று, ஊற்றும் கை. வீட்டில் உள்ள பெரிய ஒயின் கிளாஸ் ஒன்றில் 150 மி.லி. தண்ணீரை அளந்து ஊற்றிப் பாருங்கள். பாதிக்கும் கீழே, கிண்ணம் அகலும் இடத்திலேயே மட்டம் நின்றுவிடும். பார்ப்பதற்குக் கஞ்சத்தனமாகத் தெரியும். அதனால் ஊற்றுபவர் கண்ணுக்கு நிறைவாக 220 மி.லி. ஊற்றுவார், பாட்டிலுக்கு 5 வர வேண்டியது மூன்றரையில் முடிந்துவிடும். பெக்கிலும் இதே கதை. 60 மி.லி. ஊற்றினால் 16 கிளாஸ் 12 ஆகிவிடும். தீர்வு எளிது: சிறிய கிளாஸ்களை எடுங்கள், பெக் அளக்கும் குவளை ஒன்றை ஒவ்வொரு பாட்டில் பக்கத்திலும் வையுங்கள்.

5. எதில் எவ்வளவு?

உங்கள் விருந்தினர் என்ன குடிப்பவர்கள் என்று தெரிந்தால் அதன்படியே போங்கள். தெரியாவிட்டால் பீர் 40, ஒயின் 30, மற்ற மது 30 சதவீதம் என்று தொடங்கலாம். 175 கிளாஸில் பீர் 70, ஒயின் 53, மற்றவை 52.

பீர் 70 என்றால் 330 மி.லி. பாட்டில் 24 கொண்ட பெட்டி மூன்று. ஒயின் 53-ஐ ஐந்தால் வகுத்தால் 11 பாட்டில். வெயில் காலம் என்றால் வெள்ளையில் கூடுதல், குளிர் காலம் என்றால் சிவப்பில் கூடுதல். மற்றவை 52-ஐ 16-ஆல் வகுத்தால் மூன்றேகால், ஆகவே 4 பாட்டில்.

அந்த நான்கு பாட்டிலையும் நான்கு வகையாக வாங்க ஆசை வரும். வேண்டாம். இரண்டு வகை போதும். வகை கூடக்கூட ஒவ்வொன்றிலும் கால்பாட்டில் மீதியாகும், அதனோடு கலக்க வேண்டிய பொருட்களும் பெருகும். வாழ்த்துச் சொல்லி ஒரு வாய் குடிக்க மட்டும் ஷாம்பெயின் என்றால் அரை கிளாஸ் போதும். பாட்டிலுக்குப் பத்துப் பேர் வரை தாங்கும்.

பீப்பாய் வாங்கலாமா என்று கேட்பவர்களுக்கு: பீர் 130 கிளாஸுக்கு மேல் தேவைப்பட்டால் மட்டும் யோசியுங்கள். முந்தைய நாளே வந்து, அசையாமல் குளிர்ந்து நிற்க வேண்டும். இல்லையென்றால் பாதி நுரையாகவே வரும். கைப்பம்பு வைத்துத் திறந்த பீப்பாய் அன்றைக்கே தீர வேண்டும். முன்பணமும் கட்ட வேண்டும்.

6. ஐஸ், தண்ணீர், சோடா

விருந்தில் மது தீர்ந்து நான் பார்த்தது அரிது. ஐஸ் தீர்வதைத்தான் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். மது மேசையில் அடுக்கி இருக்கும். ஐஸ் தொட்டியில் வெதுவெதுப்பான தண்ணீரும் உதிர்ந்த லேபிள்களும் மிதக்கும். விருந்தினர் சூடான பீரைக் கையில் வைத்துக்கொண்டு நிற்பார்கள். அதனால் இந்தக் கணக்கை மதுக்கணக்கைவிடக் கவனமாகப் போடுங்கள்.

கிளாஸில் போடுவதற்குத் தலைக்கு அரை கிலோ ஐஸ். குடிக்காதவர்களுக்கும் சேர்த்து, 50 பேருக்கு 25 கிலோ. குளிரவைப்பதற்குத் தனிக்கணக்கு: அறை வெப்பத்தில் இருக்கும் ஒரு லிட்டர் பானத்துக்கு அரை கிலோ ஐஸ். பீர் 72 பாட்டில் சுமார் 24 லிட்டர், அதற்கு 12 கிலோ. குளிர்பானமும் வெள்ளை ஒயினும் சேர்ந்து 20 லிட்டர் என்றால் 10 கிலோ. ஆக மொத்தம் 47. வழியில் உருகுவதையும் நினைத்து 50 கிலோவாக வாங்குங்கள். எல்லாவற்றையும் முந்தைய நாளே ஃபிரிட்ஜில் வைத்துக் குளிரவைக்க இடமிருந்தால் 30 கிலோவில் முடிக்கலாம்.

தொட்டியில் வெறும் ஐஸைக் கொட்டாதீர்கள். ஐஸும் தண்ணீரும் சமமாகக் கலந்து, ஒரு கைப்பிடி உப்பும் போட்டால் பாட்டிலைச் சுற்றி எல்லாப் பக்கமும் குளிர் பிடிக்கும். அரைமணி நேரத்தில் வேலை முடிந்துவிடும். ஃபிரிட்ஜில் இதற்கே இரண்டு மூன்று மணி நேரம் ஆகும். அவசரத்துக்கு ஃபிரீசரில் வைத்த பீர் பாட்டிலை மறந்தால் உறைந்து விரிந்து வெடித்துவிடும். குளிரவைக்கும் தொட்டி வேறு, கிளாஸில் போடும் ஐஸ் வைத்திருக்கும் பெட்டி வேறு. எல்லோரும் கைவிட்ட தொட்டி ஐஸை யார் கிளாஸிலும் போடக்கூடாது.

கலப்பதற்கு, ஒவ்வொரு பெக்குக்கும் 150 மி.லி. சோடா, டானிக், குளிர்பானம் அல்லது பழச்சாறு. 52 பெக்குக்கு 8 லிட்டர். இரண்டு லிட்டர் பாட்டில் மலிவுதான், ஆனால் திறந்து வைத்தால் தீர்வதற்குள் வாயு போய்ச் சப்பென்று ஆகிவிடும். சிறிய பாட்டில்களாக வாங்குவதே லாபம். குடிநீர் தலைக்கு ஒரு லிட்டர். அதைக் கூட்டம் நிற்கும் இடத்திலேயே, மதுவைவிடக் கைக்கு எட்டும்படி வையுங்கள்.

7. குடிக்காதவர்களுக்கு

நம் உதாரணத்தில் 15 பேர். ஆளுக்கு 4 கிளாஸ், கிளாஸுக்கு 250 மி.லி. என்றால் 15 லிட்டர். இவர்களுக்கு மீந்துபோன சோடாவை நீட்டுவது எனக்கு எப்போதும் வருத்தமாக இருக்கும். அவர்களும் விருந்தினர்தான். நல்ல பழச்சாறு, இனிப்பில்லாத பானம் ஒன்று, ஆல்கஹால் இல்லாத பீர் சில பாட்டில் என்று தனியாக வாங்குங்கள். அதே அழகான கிளாஸில் கொடுங்கள். குடிப்பவர்களும் நடுவில் இவற்றை எடுப்பார்கள், அதனால் 20 லிட்டர் வாங்கினாலும் வீணாகாது. ஆல்கஹால் இல்லாதது என்று விற்கப்படும் பீரில் 0.5 சதவீதம் வரை இருக்கலாம். அறவே தொடாதவர்களுக்கு 0.0 என்று அச்சிட்டதைப் பார்த்துக் கொடுங்கள்.

8. வாங்கும்போது

விலையைப் பாட்டிலுக்குப் பார்க்காமல் கிளாஸுக்குப் பாருங்கள். பாட்டில் விலையை 4-ஆம் படியில் உள்ள எண்ணால் வகுத்தால் போதும். விலை கூடுதலாகத் தெரியும் விஸ்கி, கிளாஸ் கணக்கில் ஒயினைவிட மலிவாக இருக்கலாம். ஆனால் அதோடு சோடாவையும் ஐஸையும் சேர்த்துத்தான் ஒப்பிட வேண்டும். பட்ஜெட் போடும்போது அனுமதிக் கட்டணம், திறப்புக் கட்டணம், வாடகை கிளாஸ், உடைந்தால் கட்ட வேண்டிய தொகை, வண்டி வாடகை ஆகியவற்றை எழுதாமல் விட்டுவிடுகிறார்கள். அவற்றுக்கும் ஒரு வரி ஒதுக்குங்கள்.

பணம் கொடுப்பதற்கு முன் கேட்க வேண்டிய கேள்வி: 'திறக்காத பாட்டிலைத் திருப்பி எடுத்துக்கொள்வீர்களா? எத்தனை நாளுக்குள்? பணமாகவா, வேறு பொருளாகவா?' எடுத்துக்கொள்ளும் கடை கிடைத்தால் கொஞ்சம் விலை கூடினாலும் அங்கேயே வாங்குங்கள். அந்த நிபந்தனையை ரசீதிலேயே எழுதி வாங்கி, ரசீதைப் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். எடுக்காத கடை என்றால் கணக்கிட்டதில் பத்தில் ஒரு பங்கைக் குறைத்தே வாங்கலாம்.

திருப்பித் தரும் வசதி கிடைத்தும் அதை இழப்பவர்கள் பலர். ஐஸ் தண்ணீரில் ஊறிய பாட்டிலின் லேபிள் சுருங்கிக் கழன்றுவிடும். அந்தப் பாட்டிலைக் கடை வாங்காது. எல்லாவற்றையும் ஒரேயடியாகத் தொட்டியில் போடாமல் பாதியை மட்டும் போடுங்கள். மீதி, பெட்டியிலேயே உலர்ந்து இருக்கட்டும். காலியாகக் காலியாகச் சேர்த்துக்கொள்ளலாம்.

உரிமம் பெற்ற கடையில், முத்திரை உடையாத பாட்டிலைத் தவிர வேறு எதையும் வாங்காதீர்கள். மலிவாகக் கிடைக்கிறது என்று யாரோ கொண்டுவந்து தருவதில் மெத்தனால் கலந்திருந்தால் பார்வை போகும், உயிரும் போகும். வாசனையிலோ ருசியிலோ அதைக் கண்டுபிடிக்க முடியாது.

9. எப்போது எதைச் செய்வது?

ஒரு மாதம் முன்பு: இடத்தின் விதி, அனுமதி விண்ணப்பம். இரண்டு வாரம் முன்பு: வருவோர் பட்டியல், மேலே சொன்ன கணக்கு, கடை விசாரணை. ஒரு வாரம் முன்பு: மது வாங்குதல், ஐஸுக்கு ஆர்டர். ஐஸை முன்கூட்டிச் சொல்லாமல் அன்று போய்க் கேட்டால் 50 கிலோ கிடைக்காது. முந்தைய நாள்: ஃபிரிட்ஜில் வைப்பது, கிளாஸ் கழுவி எண்ணுவது. கண்ணாடி என்றால் தலைக்கு இரண்டு, தூக்கிப்போடும் வகை என்றால் மூன்று. விருந்தன்று: தொடங்குவதற்கு ஒரு மணி நேரம் முன்பு ஐஸ் வந்து சேர வேண்டும். பாதியை அப்போதும், பாதியை இரண்டு மணி நேரம் கழித்தும் கொண்டுவரச் சொல்வது இன்னும் நல்லது. பாட்டில் ஓப்பனரும் கார்க் திருகியும் இரண்டிரண்டு இருக்கட்டும். ஒன்று எப்படியும் யார் பையிலாவது போய்விடும்.

10. விருந்து நடக்கும்போது

ஊற்றிக்கொடுக்க ஒருவரை நியமியுங்கள், அவர் குடிக்கக்கூடாது. அவரவர் ஊற்றிக்கொள்ள விட்டால் கணக்கு முதல் மணி நேரத்திலேயே நிலைகுலையும். சாப்பிட ஏதாவது கொடுத்த பிறகே மதுவைத் திறக்கச் சொல்லுங்கள். வெறும் வயிற்றில் மது வேகமாக ரத்தத்தில் ஏறும். எல்லாப் பாட்டிலையும் திறந்து அடுக்காமல், ஒன்று தீர்ந்தபின் அடுத்ததைத் திறக்க வேண்டும்.

முடிவதற்கு ஒரு மணி நேரம் முன்பு மதுவை நிறுத்திவிட்டுத் தண்ணீரும் காபியும் கொண்டுவாருங்கள். ஒரு கிளாஸ் மதுவை உடல் செரித்து வெளியேற்றக் குறைந்தது ஒரு மணி நேரம் ஆகிறது. காபியோ குளிர்ந்த நீர்க் குளியலோ அதை விரைவுபடுத்தாது. குடித்தவருக்குத் தெளிந்தது போல் தோன்றும், அவ்வளவுதான். ஐந்து கிளாஸ் குடித்தவர் கிளம்பும்போதும் ரத்தத்தில் மது இருக்கும். ஆகவே வண்டிச் சாவி விஷயத்தில் தயவு பார்க்காதீர்கள். யார் யாரை அழைத்துப்போவது, வாடகை வண்டிக்கு யார் சொல்வது என்பதை விருந்து தொடங்கும் முன்பே தீர்மானித்து, அந்தச் செலவையும் மது பட்ஜெட்டிலேயே சேருங்கள்.

யாராவது அளவு மீறி, எழுப்பினாலும் எழாமல், மூச்சு மெதுவாகவோ விட்டுவிட்டோ வந்தால் 'தூங்கட்டும்' என்று தனியே விட்டுவிடக் கூடாது. வாந்தி மூச்சுக்குழாயில் போகாதபடி ஒருக்களித்துப் படுக்கவைத்து, உடனே அவசர உதவியை அழையுங்கள். உதவி வரும்வரை யாராவது பக்கத்திலேயே இருக்க வேண்டும்.

11. மீதியானவை

அன்றிரவே எண்ணிவிடுங்கள். மறுநாள் காலை எண்ணினால் கணக்கு இடிக்கும். திறக்காதவற்றைத் துடைத்துப் பெட்டியில் வைத்து ரசீதோடு கடைக்கு அனுப்புங்கள். கெடு தேதியைத் தாண்டவிடாதீர்கள்.

திறந்த ஒயினைக் கார்க்கால் மூடி ஃபிரிட்ஜில் வைத்தால் மூன்று முதல் ஐந்து நாள் தாங்கும். ஷாம்பெயின் அழுத்த மூடி போட்டால் ஓரிரு நாள். திறந்த பீரைக் கொட்டிவிட வேண்டியதுதான். விஸ்கி, ரம் போன்றவற்றை மூடி இறுக்கி, வெயில் படாமல், நிமிர்த்தி வைத்தால் பல மாதம் கெடாது. படுக்கவைத்தால் ஆல்கஹால் கார்க்கை அரித்துவிடும். கிரீம் கலந்த மதுவுக்கு லேபிளில் தேதி இருக்கும், அதைப் பார்த்து ஃபிரிட்ஜில் வையுங்கள். குழந்தைகள் உள்ள வீடு என்றால் எல்லாமே பூட்டுக்குள் போகட்டும். மேசையில் பாதி குடித்து விட்டுப்போன கிளாஸ்களையும் படுக்கப் போகும் முன்பே கொட்டிக் கழுவிவிடுங்கள். காலையில் முதலில் எழுந்து அந்த அறைக்குள் வருவது குழந்தைகள்தான்.